குரல் இங்கே, பெயர் எங்கே?

(மூன்றாம் ஆண்டு, இளங்கலை வரலாறு)

மேனாட்டு ஆடலிசை என்று பேச்செடுத்தாலே நம் கல்லூரியில் இரண்டு கட்சிகள் எழுந்துவிடுகின்றன. "பிறர் பாட்டை வெட்டி ஒட்டி விற்பதற்கு இசை என்று பெயரா? அப்பட்டமான திருட்டு" என்பது ஒரு கட்சி. நம் பேராசிரியப் பெருமக்களில் பலர் இந்தப் பக்கம் இருக்கிறார்கள். "கால் தானாக ஆடுகிறதா, அது போதும், எவர் பாடினால் நமக்கென்ன?" என்பது மறு கட்சி. விடுதி நண்பர்கள் ஏறக்குறைய அனைவரும் இதில் அடக்கம். இரண்டிலும் சேர எனக்கு மனமில்லை. முதற்கட்சியார் குற்றமில்லாத இடத்தில் குற்றம் காண்கிறார்கள். இரண்டாம் கட்சியாரோ குற்றம் நடந்த இடத்தின் மேலேயே ஆடிக்கொண்டிருக்கிறார்கள். பொதுவாகப் பேசிக்கொண்டே போனால் பட்டிமன்றமாகிவிடும். ஆகவே ஒரே ஒரு பாட்டை எடுத்துக்கொள்கிறேன்.

அந்தப் பாட்டின் பெயர் 'ரைடு ஆன் டைம்'. 1989-ல் இத்தாலியிலிருந்து வந்தது. இசைத்தட்டின் மேல் 'பிளாக் பாக்ஸ்' என்று குழுவின் பெயர் இருந்தது. அந்தப் பெயருக்குப் பின்னால் இருந்தவர்கள் மூவர்: நடன அரங்குகளில் இசைத்தட்டு சுழற்றிவந்த தானியேலே தாவோலி, விசைப்பலகைக் கலைஞர் மிர்கோ லிமோனி, கிளாரினெட் பயின்று செவ்வியல் இசையில் தேர்ந்த வலேரியோ செம்ப்ளிச்சி. அந்த ஆண்டு செப்டம்பரில் இங்கிலாந்தின் விற்பனைப் பட்டியலில் முதலிடம் பிடித்து ஆறு வாரம் அங்கேயே அமர்ந்திருந்தது இந்தப் பாட்டு. 1989-ஆம் ஆண்டில் அந்நாட்டில் மிகுதியாக விற்ற தனிப்பாட்டு இசைத்தட்டும் இதுவே. இத்தாலிய ஹவுஸ் என்று பின்னாளில் பெயர்பெற்ற இசைவகைக்கு உலகின் காதைத் திருப்பியதில் இதற்குப் பெரும்பங்கு உண்டு. துள்ளி விழும் பியானோ அடிகள், விடாமல் இடிக்கும் தாளம், அவற்றின் மேல் விண்ணைக் கிழிப்பது போல் ஒரு பெண்ணின் குரல்: பாட்டு முழுவதும் இவ்வளவுதான். கேட்டவர்கள் மறக்காமல் வைத்திருப்பது மூன்றாவதைத்தான்.

அந்தப் பெண் இத்தாலியர் அல்லர். இத்தாலிக்கு வந்து அவர் இதைப் பாடவும் இல்லை. அவர் பெயர் லொலீட்டா ஹாலோவே. 1946-ல் அமெரிக்காவின் சிகாகோவில் பிறந்த கறுப்பினப் பெண்மணி. தாயார் நடத்திய தேவாலயப் பாடகர் குழுவில் பாடத் தொடங்கி, பிறகு 'கேரவன்ஸ்' என்ற புகழ்பெற்ற பக்தியிசைக் குழுவில் பாடியவர். தேவாலயத்தில் ஒலிபெருக்கியின் தயவின்றிக் கடைசி இருக்கைவரை எட்டவேண்டிய குரல் அது. அந்த வலிமையோடுதான் டிஸ்கோ இசைக்கு வந்தார். 1980-ல் டான் ஹார்ட்மன் எழுதி, இசைப்பதிவையும் மேற்பார்த்த 'லவ் சென்சேஷன்' என்ற பாட்டை சால்சோல் நிறுவனத்துக்காகப் பாடினார். ஹார்ட்மன் எளிதில் நிறைவடைபவர் அல்லர் போலும். திரும்பத் திரும்பப் பாடவைத்ததில் தொண்டை கட்டிப்போய், காப்பியில் விக்ஸைக் கலந்து குடித்துக்கொண்டு பாடி முடித்ததாக ஹாலோவே பிற்காலத்தில் சொல்லியிருக்கிறார். அந்தப் பாட்டின் பிற்பகுதியில் வரும் கூவல்களில் ஒரு கரகரப்பு உண்டு. உழைத்துக் களைத்த தொண்டையின் கரகரப்பு என்றே எனக்குத் தோன்றுகிறது.

ஒன்பது ஆண்டுகள் கழித்து அந்தக் குரலின் துணுக்குகளை எடுத்துத்தான் இத்தாலிய மூவரும் தங்கள் பாட்டைக் கட்டினார்கள். பாட்டின் தலைப்பே காதில் தவறாக விழுந்ததன் விளைவு. மூலப் பாட்டில் ஹாலோவே பாடுவது 'சரியான நேரத்தில்' என்று பொருள்படும் ஆங்கிலத் தொடர். அதன் முதற்சொல் 'ரைடு' என்று காதில் விழ, பொருளே இல்லாத ஒரு தலைப்பு அப்படியே அச்சேறி உலகப் புகழ் அடைந்தது. ஆங்கிலம் கேட்டுத் தடுமாறும் நம்மவர்க்கு இதில் ஓர் ஆறுதல் இல்லாமல் இல்லை.

இங்கே சிகாகோவைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்லவேண்டும். வரலாறு படிக்கும் மாணவன் என்பதால் இதைத் தாண்டிப்போக என்னால் முடியவில்லை. 1979 ஜூலை 12 அன்று அந்நகரின் கோமிஸ்கி பார்க் பேஸ்பால் மைதானத்தில் இரண்டு ஆட்டங்களுக்கு இடைப்பட்ட நேரத்தில் ஒரு வேடிக்கை ஏற்பாடாகியிருந்தது. ஸ்டீவ் டால் என்ற வானொலி அறிவிப்பாளரின் தூண்டுதலால், ரசிகர்கள் கொண்டுவந்து கொடுத்த டிஸ்கோ இசைத்தட்டுகளை மைதானத்தின் நடுவே குவித்து வெடிவைத்துத் தகர்த்தார்கள். கூட்டம் மைதானத்துக்குள் பாய்ந்தது. இரண்டாவது ஆட்டம் நடக்கவே இல்லை. டிஸ்கோ பிடிக்காதவர்களின் விளையாட்டு என்று அதை அன்று சொன்னவர்கள் உண்டு. ஆனால் டிஸ்கோவைப் பாடியவர்களும் அதற்கு ஆடியவர்களும் பெரும்பாலும் எவர் என்று பார்த்தால், வெடித்தது வெறும் இசைத்தட்டுகளின் மேலிருந்த வெறுப்பு மட்டும்தானா என்ற ஐயம் எழாமல் இராது. டிஸ்கோ செத்தது என்று வானொலி நிலையங்களும் இசைத்தட்டு நிறுவனங்களும் கைகழுவத் தொடங்கின.

அதே சிகாகோவில் 'வேர்ஹவுஸ்' என்று ஒரு நடன அரங்கு இருந்தது. அங்கே வந்தவர்களில் பெரும்பாலோர் கறுப்பின இளைஞர்கள்; அவர்களிலும் பலர் ஊரும் உறவும் ஏற்காத தன்பாலின விருப்பமுடையவர்கள். இசைத்தட்டு சுழற்றியவர் பிராங்கி நக்கிள்ஸ். புதிய டிஸ்கோ பாட்டுகளின் வரவு குறைந்தபோது அவர் பழையவற்றையே நாடாவில் வெட்டி, ஒட்டி, நீட்டி, தாள எந்திரத்தின் அடியைச் சேர்த்து ஆடவைத்தார். அந்த அரங்கின் பெயரின் பின்பாதியே 'ஹவுஸ்' என்று ஓர் இசைவகையின் பெயராயிற்று என்பார்கள். ஆக, ஹாலோவேயின் ஊரில், ஹாலோவே போன்றவர்களின் இசைத்தட்டுகளைக் கொண்டு, அவர் இனத்து இளைஞர்கள் பெற்றெடுத்த பிள்ளை ஹவுஸ் இசை. அது கடல் கடந்து இத்தாலிக்குப் போய், அங்கிருந்து ஹாலோவேயின் குரலையே சுமந்துகொண்டு உலகை வலம்வந்தது. வந்தபோது அந்தக் குரலின் மேல் அவர் பெயர் மட்டும் இல்லை.

திருட்டுக் கட்சியாருக்கு இப்போது விடை சொல்கிறேன். சாம்ப்ளர் என்ற கருவி ஒலியை வினாடிக்குப் பல்லாயிரம் முறை அளந்து எண்களாக்கி நினைவில் வைத்துக்கொள்கிறது. பிறகு அந்த ஒலித்துணுக்கை ஒரு விசையின் கீழ் வைத்துவிடலாம். விசையைத் தொட்டால் குரல் ஒலிக்கும். மேல் விசையைத் தொட்டால் துணுக்கு விரைந்து ஓடும். அதனால் சுருதி உயரும், நேரம் குறுகும். மூச்சை மட்டும் எடுக்கலாம். ஒரு சொல்லின் தலையை மட்டும் எடுத்து மிருதங்கம் போல் அடிக்கலாம். கருவி செய்வது இவ்வளவே. எதை எடுப்பது, எங்கே வெட்டுவது, எதற்குப் பின் எதை வைப்பது என்பதை அது சொல்லித் தராது. அதற்குக் காது வேண்டும். விடுதியில் என் அறை நண்பர்கள் மூவரை உட்காரவைத்து 'லவ் சென்சேஷ'னையும் 'ரைடு ஆன் டை'மையும் அடுத்தடுத்துக் கேட்கச் செய்தேன். முன்னது காதல் வயப்பட்ட ஒருத்தியின் பாட்டு. தொடங்கி, வளர்ந்து, பொங்கி முடிகிறது. பின்னதில் காதலைக் காணோம், கதையைக் காணோம். பொங்கிய இடங்கள் மட்டும் துண்டுதுண்டாக, வரிசை மாறி, ஓர் அறைகூவலைப் போல் வருகின்றன. குரல் ஒன்றுதான் என்பதை மூவரும் ஒப்புக்கொண்டார்கள். பாட்டு ஒன்றுதான் என்று ஒருவரும் சொல்லவில்லை. பழைய கோயில் தூணைப் புது மண்டபத்தில் நிறுத்திய தச்சனைத் திருடன் என்று நாம் சொல்வதில்லை. கேட்டு எடுத்தானா என்று கேட்கலாம். கேட்கவும் வேண்டும். ஆனால் கட்டியது மண்டபமே இல்லை என்று சாதிப்பது முறையன்று.

அப்படியானால் தவறு எங்கே? தொலைக்காட்சித் திரையில். பாட்டு வெற்றி பெற்றதும் அதற்கு ஒரு முகம் தேவைப்பட்டது. காத்ரீன் கினோல் என்ற பிரெஞ்சு மாடல் அழகி மேடையேறினார். ஒல்லியான, உயரமான பெண். அவர் வாயசைத்தார், ஹாலோவேயின் குரல் ஒலித்தது. பார்த்தவர்கள் இவரே பாடுகிறார் என்று நம்பினார்கள். நம்பவேண்டும் என்பதற்காகவே அந்த ஏற்பாடு. அந்த மாடலைக் குறைசொல்ல நான் முன்வரமாட்டேன், அவரும் அமர்த்தப்பட்டவர்தாமே! அமர்த்தியவர்கள் என்ன எண்ணினார்கள் என்பதுதான் கேள்வி. நாற்பதைத் தாண்டிய, பருத்த உடலுடைய, தேவாலயத்தில் வளர்ந்த ஒரு கறுப்பினப் பெண்ணின் தொண்டை வேண்டும், அவள் தோற்றம் வேண்டாம் என்பதைத் தவிர இதற்கு வேறு பொருள் எனக்குப் புலப்படவில்லை.

இதை நான் ஊகமாகச் சொல்லவில்லை. அதே குழு அடுத்துச் செய்தது அதை மெய்ப்பிக்கிறது. 1990-ல் வெளிவந்த 'ட்ரீம்லேண்ட்' என்ற தொகுப்பில் 'எவ்ரிபடி எவ்ரிபடி' முதலிய பெரும்பாலான பாட்டுகளைப் பாடியவர் மார்த்தா வாஷ். 'இட்ஸ் ரெயினிங் மென்' என்ற 1982-ஆம் ஆண்டுப் பாட்டை 'வெதர் கேர்ல்ஸ்' இருவரில் ஒருவராகப் பாடிப் புகழ்பெற்றவர், பருத்த உடலினர். தொகுப்பில் அவர் பெயர் இல்லை. காணொளிகளில் வாயசைத்தவர் மீண்டும் கினோல். அதே ஆண்டில் அமெரிக்காவின் 'சி அண்ட் சி மியூசிக் ஃபேக்டரி' குழுவும் வாஷின் குரலை வைத்து ஒரு பெரும் வெற்றிப் பாட்டை வெளியிட்டது. அதன் காணொளியில் வாயசைத்தவர் ஜெல்மா டேவிஸ் என்ற மெலிந்த இளம்பெண். ஒருமுறை நடந்தால் தற்செயல் எனலாம். ஒரே பாடகிக்கு ஒரே ஆண்டில் இரு கண்டங்களில் நடந்தால் அதற்குப் பெயர் வேறு.

மார்த்தா வாஷ் சும்மா இருக்கவில்லை, நீதிமன்றத்தை நாடினார். ஆர்.சி.ஏ. நிறுவனத்தோடு ஏற்பட்ட உடன்பாட்டின் பயனாக அவருக்கே பாட்டு ஒப்பந்தம் கிடைத்தது. 1993-ல் அவர் பெயரையே தலைப்பாகக் கொண்ட தொகுப்பு வெளிவந்தது. சோனி நிறுவனமோ, பாடியவர் வாஷ் என்றும் டேவிஸ் காட்சிக்கு மட்டுமே உரியவர் என்றும் அறிவிக்கும் குறிப்பைக் காணொளியில் சேர்க்குமாறு எம்.டி.வி.யைக் கேட்டுக்கொள்ள நேர்ந்தது. 'மில்லி வனில்லி' என்ற இரட்டையர், தம் பாட்டைத் தாம் பாடவில்லை என்பது வெளிப்பட்டதால் 1990-ல் கிராமி விருதை இழந்ததும் இந்தக் காலத்தில்தான். அந்த இரட்டையரைப் பற்றி உலகமே சிரித்தது. அவர்களுக்காகப் பாடியவர்களின் பெயரைக் கேட்டால் இன்றும் எத்தனைபேர் சொல்வார்கள்?

ஹாலோவேக்கு வருவோம். 'ரைடு ஆன் டைம்' விவகாரத்தில் மூலப் பாட்டை எழுதிய டான் ஹார்ட்மனின் பெயர் புதிய பாட்டின் ஆசிரியர் வரிசையில் இடம்பெற்றது. பாட்டின் எழுத்துக்கு ஓர் உரிமை உண்டு, அது எழுதியவர்க்கு. ஒலிப்பதிவுக்கு ஓர் உரிமை உண்டு. அது பெரும்பாலும் நிறுவனத்துக்கு. பாடியவர்க்கு? அவர் எழுதவில்லை, பதிவை உடைமையாகக் கொள்ளவும் இல்லை. ஒப்பந்தத்தில் என்ன எழுதியிருக்கிறதோ அதுவே அவர் விதி. சட்டத்தின் கணக்கில் ஆகக் கடைசியில் நிற்பவர், பாட்டின் கணக்கில் முதலில் நிற்பவர். இத்தகையவருக்கு அடுத்த மேடையைத் தேடித் தரக்கூடிய சொத்து அவர் பெயர் ஒன்றுதான். அதை மறைத்தால் அவருடைய பழைய கூலியை மட்டுமா பறிக்கிறோம், நாளைய கூலியையும் சேர்த்தல்லவா பறிக்கிறோம்! ஹாலோவே தம் மனக்குறையைப் பேட்டிகளில் ஒளிக்காமல் சொன்னதற்கு இதுவே காரணம் என்று கொள்கிறேன்.

இந்தத் தகராறு முற்றியபோது இத்தாலியர்கள் செய்த இன்னொரு காரியம் எனக்கு எல்லாவற்றிலும் வேடிக்கையாகப் படுகிறது. ஹாலோவேயின் குரலை நீக்கி, அதே துணுக்குகளை அதே போல் வேறொருவரைப் பாடவைத்து ஒரு பதிப்பு வெளியிட்டார்கள். பாடியவர் ஹெதர் ஸ்மால்; பின்னாளில் 'எம் பீப்பிள்' குழுவில் பெரும்புகழ் அடைந்தவர். அவர் பெயரையாவது போட்டார்களா என்றால், இல்லை! அந்தப் பதிப்புக்கும் கினோலின் முகமே போதுமானதாக இருந்தது. எனவே இதைச் சட்டச் சிக்கல் என்று சொல்லித் தப்பிக்க முடியாது. உயிரோடு வந்து நின்று பாடிக்கொடுத்தவரின் பெயரை அச்சிடுவதை எந்தச் சட்டம் தடுத்தது?

பெயர் போடுவதால் பாட்டு விற்காமல் போகும் என்ற அச்சத்துக்கும் விடை கிடைத்துவிட்டது. 1991-ல் மார்க்கி மார்க் குழுவினர் 'குட் வைப்ரேஷன்ஸ்' என்ற பாட்டில் அதே 'லவ் சென்சேஷன்' குரலைத்தான் பயன்படுத்தினார்கள். ஆனால் லொலீட்டா ஹாலோவே என்று பெயரைப் போட்டார்கள். காணொளியில் அவரையே தோன்றச் செய்தார்கள். அக்டோபரில் பாட்டு அமெரிக்கப் பட்டியலின் முதலிடத்தில் நின்றது. ஹாலோவே 2011 மார்ச்சில், தம் 64-ஆம் வயதில் காலமானார்.

"நம் திரைப்படங்களில் பின்னணிப் பாடகர் முறை இல்லையா? அங்கும் ஒருவர் பாட இன்னொருவர்தானே வாயசைக்கிறார்?" என்று கேட்பவர் உண்டு. கேள்வி நியாயமானது. ஆனால் நடிகர் பாடவில்லை என்பது அரங்கில் உட்கார்ந்திருக்கும் ஆறு வயதுக் குழந்தைக்கும் தெரியும். பாடியவர் பெயரை வானொலி சொல்கிறது, இசைத்தட்டு சொல்கிறது. அந்த நிலையும் தானாக வந்துவிடவில்லை. 1949-ல் வந்த 'மகால்' என்ற இந்திப் படத்தின் இசைத்தட்டில் லதா மங்கேஷ்கரின் பெயர் இல்லை. கதாபாத்திரத்தின் பெயரான 'காமினி' என்றே இருந்தது. பாடியவர் எவர் என்று நேயர்கள் வானொலிக்கு எழுதிக் கேட்ட பிறகே பெயர் வெளிவந்தது. கேட்டவர்கள் நம்மைப் போன்ற வெறும் நேயர்கள் என்பதை இரண்டாம் கட்சி நண்பர்கள் கவனிக்கவேண்டுகிறேன். "யார் பாடினால் நமக்கென்ன" என்று அவர்களும் இருந்திருந்தால்?

இதெல்லாம் முப்பது நாற்பதாண்டுப் பழங்கதை, இப்போது ஏன் என்பவர்க்கு ஒன்று சொல்வேன். அன்று ஒருவர் குரலை எடுக்க அவர் பாடிய இசைத்தட்டாவது தேவைப்பட்டது. இன்று செயற்கை நுண்ணறிவுக் கருவிக்கு அவர் பாடாததையும் அவர் குரலில் பாடத் தெரியும். 2024-ல் 'லால் சலாம்' படத்தின் 'திமிரி எழுடா' பாட்டில் மறைந்த பாடகர்கள் பம்பா பாக்யா, சாகுல் ஹமீது இருவரின் குரல்களை ஏ. ஆர். ரகுமான் இந்த முறையில் ஒலிக்கச் செய்தார். அது சரியா என்று வாதிட்டவர்கள் பலர். ஆனால் குடும்பத்தாரின் இசைவைப் பெற்றதாகவும், உரிய ஊதியம் கொடுத்ததாகவும் அவர் வெளிப்படையாகவே அறிவித்தார். அவ்விருவர் பெயர்களும் மறைக்கப்படவில்லை. 1989-ல் இத்தாலியில் செய்யாமல் விட்டவை இந்த மூன்றும்தாம்: கேட்பது, கொடுப்பது, பெயரைச் சொல்வது. முதல் இரண்டும் வழக்கறிஞர்களின் வேலை. பணம் படைத்தவர்களின் வேலை. மூன்றாவதற்குப் பணம் வேண்டாம்.

ஆகவே நம் மாணவர் பேரவைக்கு ஒரு விண்ணப்பம். ஆண்டுவிழாக் கலைநிகழ்ச்சியில் ஒவ்வோர் ஆண்டும் பத்துக்குக் குறையாத குழுக்கள் ஒலிப்பதிவுப் பாட்டுக்கு ஆடுகின்றன. அச்சிட்ட நிகழ்ச்சி நிரலில் ஆடுபவர் பெயர், வகுப்பு, குழுவின் பெயர், ஆடை உதவியவர் பெயர்கூட இருக்கிறது. பாட்டுக்கு நேரே 'மேனாட்டு நடனம்' என்று மட்டும் இருக்கிறது. வரும் ஆண்டு அந்த இடத்தில் பாட்டின் பெயரையும் பாடியவர் பெயரையும் சேர்த்து அச்சிட வேண்டுகிறேன். குழுவினர் பாட்டைக் கொண்டுவந்து கொடுக்கும்போதே பெயரையும் எழுதிக் கொடுத்துவிட்டால் வேலை முடிந்தது. தாளில் இடம் போதாது என்றால் ஆடை உதவியவர் பெயரைச் சற்றுச் சிறிய எழுத்தில் போட்டுக்கொள்ளலாம்.